பேரணாம்பட்டு அண்ணன்

எனக்கு அண்ணன் பிறந்தது என் ஏழாவது வயதில். பிறக்கும்போதே அவருக்கு மீசை இருந்தது.

பஸ் வராத காலம். அக்காவைப் பெண் பார்க்கப் பேரணாம்பட்டிலிருந்து மாட்டுவண்டியில் வந்தார்கள். மாப்பிள்ளை தோல் பதனிடும் ஷாப்பில் மேஸ்திரி என்றதும் அப்பாவுக்குத் தலைகால் புரியவில்லை. அக்காவோ அத்தை மகனைத்தான் கட்டுவேன் என்று இருந்தாள். அவன் தோல் அலசுகிற கூலியாள். அப்பா காதில் அது ஏறவில்லை.

அக்கா அழவில்லை. என்னைப் பின்கட்டுக்கு இழுத்துப் போய்த் தலைவாரிக்கொண்டே சொன்னாள்: "அவரு வந்து குந்துனதும் 'வா அண்ணா'ன்னு கூப்புடு. மாமான்னு சொன்னே, வாய்ல சூடுதான்."

வெறும் பெண்களாகப் பிறந்த வீட்டில் எனக்கு அது கசக்குமா? கூடம் அதிரக் கூப்பிட்டேன்.

வந்தவர்கள் சிரித்தார்கள். அத்தை சிரிக்கவில்லை.

"கொழந்த வாய்ல சும்மா வராது, அண்ணே. மாப்ளயோட அம்மாவப் பெத்த ஆயாவும் நம்ம அண்ணியப் பெத்த ஆயாவும் வாலாஜாபேட்டையில அண்ணன் தம்பி பொண்ணுங்க. அக்கா தங்கச்சி! அப்ப இதுங்க ரெண்டும் இன்னா மொற ஆச்சு?"

"எங்கம்மா ஒருநாளும் சொல்லலியே!" என்றார் மாப்பிள்ளையின் தாயார்.

"செத்தவங்கள எழுப்பியா கேக்க முடியும்?"

அப்பா அம்மாவைப் பார்த்தார். "இன்னாடி, உங்க சனத்துல அப்படி உண்டா?"

அம்மா முந்தானையைச் சரிசெய்துகொண்டாள். "எங்கம்மா சொன்னாப்லதான் இருக்குது."

அண்ணனுக்குத் தங்கையைக் கட்டிவைக்க எந்தத் தகப்பனுக்குத் துணிச்சல் வரும்? வண்டி திரும்பியது. அண்ணன் மட்டும் தெருமுனை வரை எங்கள் வாசலையே பார்த்துக்கொண்டு போனார். என்னைப் பிரிய மனமில்லை போலும் என்று நினைத்துக்கொண்டேன். அந்த இரண்டு கிழவிகளும் ஒருவர் முகத்தை ஒருவர் பார்த்திருப்பார்களா என்பது எனக்கு இன்றைக்கும் சந்தேகம்.

தை மாதம் அக்காவை அத்தை மகன் கட்டினான். மணப்பெண் கையில் பொரி அள்ளிப்போட அண்ணன் வேண்டுமே! அத்தையே வெற்றிலை பாக்கோடு பேரணாம்பட்டுக்குப் போனாள். "மொறைய வுட்டுடாதப்பா, உன் தங்கச்சி கல்யாணம்" என்று சொல்லி அழைத்தே வந்துவிட்டாள். இன்றும் அவர் பேரன்மார் எங்கள் வீட்டில் பெண் கேட்பதில்லை. பொங்கலுக்கு அக்காவுக்கு அங்கிருந்து தாய்வீட்டுச் சீர் மட்டும் தவறாமல் வருகிறது.

அன்று பொரியைப் போட்டபோது அண்ணன் நிமிரவே இல்லை. கண் இரண்டும் கலங்கியிருந்தன. ஓமப்புகை பட்டுவிட்டது என்று நினைத்து, துடைத்துக்கொள்ள என் பாவாடை நுனியை நீட்டினேன்.