பதினைந்தாம் ஜாயிண்டில் ஓர் ஆள்

பேய், ஆவி என்று யாராவது ஆரம்பித்தால் எழுந்து போய்விடுகிறவன் நான். கட்டடம் நிற்குமா என்று கம்ப்யூட்டரில் கணக்கிட்டுச் சொல்வது என் வேலை. நீங்களும் என்னைப் போன்றவர் என்றால் இதை நம்ப வேண்டாம், நடந்ததை மட்டும் சொல்கிறேன்.

மலையாளம் பேசும் ஊரான கழக்கூட்டத்தில் எங்கள் அலுவலகம். மதியம் ஒரு மணி, நல்ல வெயில். வித்துராவில் கட்டிக்கொண்டிருந்த ஒரு கடையின் சன்ஷேட், சுவரிலிருந்து ஆறடி வெளியே நீளும் கான்கிரீட் பலகை, அடியில் கொடுத்த முட்டுகளை எடுத்தால் நிற்குமா என்று பார்க்க வேண்டும். சாஃப்ட்வேரில் அது சுவரிலிருந்து நுனிவரை ஐந்து ஜாயிண்ட், அதாவது எண்ணிட்ட புள்ளிகள், பதினொன்று முதல் பதினைந்து வரை. ஓட்டினேன். கணக்கு முடிந்ததும் எல்லாம் பச்சை, அதாவது பாஸ். ஆனால் பதினொன்றில் நான் கொடுக்காத ஒரு பாரம் இருந்தது. அறுபத்திரண்டு கிலோ.

கை தவறியிருக்கும் என்று அழித்துவிட்டு மறுபடி ஓட்டினேன். பன்னிரண்டில் இருந்தது. அழித்தேன், பதின்மூன்றுக்குப் போனது. நம்பினால் நம்புங்கள், ஒவ்வொரு முறையும் ஒன்றரை அடி தள்ளி, நுனியை நோக்கி அது நடந்தது.

சைட் மேஸ்திரி இசக்கிக்குப் போன் செய்தேன். வள்ளியூர்க்காரர்.

"அண்ணாச்சி, சன்ஷேட் மேல யாராவது நிக்காங்களா?"

"ஒருத்தனும் இல்ல சாரே, எல்லாவனும் சோத்துக்குப் போயிட்டான். ஏன் கேக்கீய?"

"கம்ப்யூட்டர்ல ஒரு ஆள் நடக்க மாதிரி இருக்கு."

"ஹெல்மெட் போட்டிருக்கானான்னு பாருங்க. போடலன்னா நம்ம ஆளுதான்."

நானும் சிரித்தேன். இப்படி நீளும் பலகைக்குக் கம்பி மேல்பக்கம் இருக்க வேண்டும். கான்கிரீட் போடும்போது ஆட்கள் மிதித்து அது கீழே போய்விடுவது எங்கள் தொழிலில் எல்லோருக்கும் தெரிந்த தப்பு. சாஃப்ட்வேருக்குத் தெரியாது, அது வரைபடத்தையே நம்பும். கம்பி எங்கே இருக்கிறது என்று இசக்கியிடம் கேட்டிருக்கலாம். கேட்கவில்லை.

மேனேஜர் தங்கராஜ் சார் பின்னால் வந்து நின்றார். நாகர்கோவில்காரர். "பச்சைதானே காட்டுது? பின்ன எந்தா? அனுப்பும்வேய்."

பாரம் அப்போது பதினைந்தில், நுனியில் இருந்தது. அழித்தேன். மறுபடி ஓட்டாமல் ரிப்போர்ட்டை அனுப்பினேன்.

மூன்றாம் நாள் முட்டெடுத்தார்கள். உறுதியாக இருக்கிறதா பார்க்கிறேன் என்று இசக்கியே மேலே ஏறி, நுனிவரை நடந்தாராம். பலகை சுவரோடு முறிந்தது. ஆஸ்பத்திரிக்குப் போகும் வழியிலேயே அவர் போய்விட்டார். முறிந்த இடத்தில் கம்பி அடிப்பக்கம் தெரிந்தது. கணக்கில் பிழையில்லை என்று விசாரணையில் எழுதினார்கள். தங்கராஜ் சார் என் தோளில் தட்டினார்.

பிறகு ஒருநாள் அதே ஃபைலைத் திறந்து ஓட்டினேன். பலகை மேல் எந்தப் பாரமும் வரவில்லை. மேலே வைக்கிற எடை எவ்வளவோ அவ்வளவையே தரை தாங்கும், மெக்கானிக்ஸில் முதல் பாடம் அது. இரண்டையும் தனித்தனியே கூட்டிப் பார்த்தேன். தரைப்பக்கம் அறுபத்திரண்டு கிலோ அதிகம்.

ரவுண்டிங் பிழை என்கிறார் தங்கராஜ் சார். இருக்கலாம். எத்தனை முறை ஓட்டினாலும், மேலே இல்லாத அந்த எடையைத் தரை தாங்கிக்கொண்டே இருக்கிறது.