லோசா தலையில் போட்ட பாய்

லோசா என் பேருந்தில் ஏறினால் ஆப்பியா டவுன் வரைக்கும் வாய் ஓயாது. பின்சீட்டில் உட்கார்ந்துகொண்டு முன்சீட்டுக்காரர்களை வம்புக்கு இழுப்பாள். அந்த வாய் அடங்கியது, அவள் புருஷன் ஃபலனிகோ அவளுடைய அண்ணன் மலகியை வெட்டிய பிறகுதான்.

இரண்டு குடும்பத்து நிலத்துக்கும் எல்லையில் நின்ற சீமைப்பலா மரம் புயலில் சாய்ந்ததில் வந்த வினை அது. மரம் நின்றவரை யாருக்கும் சந்தேகமில்லை. விழுந்ததும் இரண்டு குடும்பமும் அது நின்ற இடத்தை ஆளுக்கொரு பக்கம் தள்ளிச் சொல்லிச் சேம்பு நட்டன. ஒரு காலை மச்சான்கள் இருவரும் சேம்புக்காட்டில் மோதிக்கொண்டார்கள். கத்தி ஃபலனிகோவிடம் இருந்தது. மலகி கையை நீட்டித் தடுத்தான். அவனுடைய இடதுகை விரல்கள் அன்றிலிருந்து மடங்குவதில்லை. ஃபலனிகோவுக்கு ஐந்து வருடம் சிறை.

தண்டனையைக் குறைக்கச் சொல்லி அவனுடைய வக்கீல் மேல்முறையீடு போட்டாள். அவள் முதலில் கேட்டதே, "இஃபோகா செஞ்சீங்களா?" என்பதுதான். இஃபோகா எங்கள் ஊரில் மன்னிப்புக் கேட்கும் முறை: குற்றவாளியின் குடும்பத் தலைவர் தலைமேல் பாயைப் போர்த்திக்கொண்டு, அடிபட்டவன் வாசலில் குனிந்து உட்கார வேண்டும். அந்த வீட்டார் வந்து பாயை விலக்கினால் மன்னித்ததாக அர்த்தம். நீதிமன்றமும் அதை மதிக்கும்.

ஃபலனிகோவின் குடும்பத் தலைவர் அவனுடைய பெரியப்பா ஃபதுவோலோ. லோசா அவர் காலடியில் உட்கார்ந்து கெஞ்சினாள். நானும் துணைக்குப் போயிருந்தேன்.

"நிலக் கேஸு நடக்கிறப்ப நான் போய் அவன் வாசல்ல குனியவா? குனிஞ்சா நிலம் அவங்களுதுன்னு ஒத்துக்கிட்ட மாதிரி ஆயிடும்" என்றார்.

"அஞ்சு வருஷம், பெரியப்பா. மூணு புள்ளைங்களை வச்சுக்கிட்டு நான் என்ன செய்வேன்?"

"ஜெயிலுக்குப் போனவன் திரும்பி வருவான். போன நிலம் வருமா? போம்மா, போய்ச் சேம்பை அவி."

அந்த மனிதரை அப்படியே தூக்கிக் கடலில் போட வேண்டும் போலிருந்தது எனக்கு. குடும்பத் தலைவர் பட்டம் கட்டிய பெரிய மனிதராயிற்றே, வாயை மூடிக்கொண்டு வந்தேன்.

மறுநாள் விடியும்போது மலகி வீட்டைத் தாண்டப் போனவன் பிரேக்கைப் போட்டேன். வாசல் புல்லில் ஒரு பாய் கூம்பி உட்கார்ந்திருந்தது. லோசாவின் கல்யாணப் பாய். மழை வேறு பிடித்துக்கொண்டது. வேலைக்குப் போகிறவர்கள் வண்டி நிறைய இருந்தார்கள். ஒருவர்கூடக் கிளம்பச் சொல்லவில்லை.

மலகியின் பெண்டாட்டி வெளியே வந்து கத்தினாள். "உன் புருஷன் வீட்ல ஆம்பளையே இல்லையா? அந்தக் கிழவனுக்குக் காலு செத்துப்போச்சா?"

பாய் அசையவில்லை.

மலகி வந்தான். இரண்டு கையாலும் பாயைப் பிடித்தான். இடதுகையிலிருந்து அது வழுக்கியது. மறுகையால் இழுத்து எறிந்துவிட்டு அவளைத் தூக்கி நிறுத்தினான். "எந்திரி. கூடப் பொறந்தவளைக் குனிய வச்சவன்னு என்னை ஊரு பேசணுமா?" என்று சொல்லிக்கொண்டே அழுதான். வண்டியில் பாதிப் பேர் அழுதார்கள். நானும்தான், மறைப்பானேன்?

வக்கீலுக்கு ஒரே சந்தோஷம். மலகியே கோர்ட்டுக்கு வந்து சொல்ல ஒப்புக்கொண்டான். விசாரணையன்று எல்லாரையும் என் வண்டியில்தான் கொண்டுபோனேன். லோசா திரும்பவும் வாயாடினாள், என் பிரேக் சத்தம் பன்றி கத்துகிற மாதிரி இருக்கிறதென்றாள்.

மலகி பைபிளைத் தொட்டுச் சத்தியம் செய்தான். "பாயை நான்தான் எடுத்தேன். மன்னிச்சிட்டேன்."

அரசு வக்கீல் எழுந்தார். "ஃபதுவோலோ வந்தாரா?"

"இல்லை."

"அவர் குடும்பத்துல வேற யாராவது?"

"என் தங்கச்சி மட்டும்தான்."

நீதிபதி குனிந்து மலகியைப் பார்த்தார். "அண்ணன் தங்கச்சியை வாசல்ல உக்கார விடக்கூடாது. அது நம்ம வழக்கம், எனக்கும் தெரியும். அதனால கேக்கிறேன். அந்தப் பாய்க்கு அடியில உங்க தங்கச்சி இல்லாம ஃபலனிகோ இருந்திருந்தா எடுத்திருப்பீங்களா?"

மலகி கோயிலில் ஞாயிற்றுக்கிழமைப் பாடம் நடத்துகிறவன். உதட்டைக் கடித்தான். லோசா பெஞ்சின் நுனியில் உட்கார்ந்து அவன் வாயையே பார்த்துக்கொண்டிருந்தாள். ஒரு சின்னப் பொய் போதும் என்று நான் உள்ளுக்குள் வேண்டிக்கொண்டேன். கடவுள் மன்னிக்கட்டும்.

"இல்லீங்க" என்றான் மலகி.

மேல்முறையீடு தள்ளுபடியானது. தங்கை அண்ணனைப் பணிந்தது குற்றவாளியின் குடும்பம் கேட்ட மன்னிப்பு ஆகாது என்றார் நீதிபதி. காவலர்கள் கூட்டிப்போகும்போது ஃபலனிகோ திரும்பி, "உன்னை யாருடி அங்க போய்க் குனியச் சொன்னது?" என்றான்.

வெளியே என் வண்டியருகில் மலகி அவளை மறித்தான். "புள்ளைங்களைக் கூட்டிட்டு நம்ம வீட்டுக்கு வந்துடு, லோசா. அந்தக் கிழவன் வீட்ல உனக்கென்ன இருக்கு?"

"அன்னிக்கு என்னைத் தூக்கி நிறுத்தினப்ப, நீ அவரை மன்னிச்சுட்டதா நெனச்சேன், அண்ணா."

"உன்னை எப்படி மழையில விடுவேன்?"

"என்னை விடமாட்டே. அதுதான் தெரியுமே. அவரை?"

மலகி தலையைக் குனிந்துகொண்டு வண்டியில் ஏறினான். மலகி வீட்டு வாசலில் நிறுத்தினேன். அவன் இறங்கி, வண்டிக் கதவைப் பிடித்தபடி காத்திருந்தான். லோசா எழுந்திருக்கவில்லை.

"வண்டியை எடு, மாமா" என்றாள்.

ஃபதுவோலோ வீட்டில் இறங்கினாள். கிழவர் முற்றத்தில் உட்கார்ந்திருந்தார். என்ன ஆயிற்று என்று அவர் கேட்கவில்லை. "சேம்பு அவிக்கணும், நேரமாச்சு" என்றார். லோசா அடுப்பைப் பார்த்து நடந்தாள்.