பானையை உதைத்தவருக்குப் பெண் கேட்டுப் போனேன்

போன மாதம் ஒரு ஞாயிற்றுக்கிழமை. பதுளை பஸ் நிலையத்தில் என் நண்பர் தவராஜுக்குக் குடையால் ஒரு குத்து விழுந்தது.

குத்தியவர் முன்பின் தெரியாத ஒரு அம்மா. "கட்டின பொண்டாட்டிய அப்படியாடா அடிப்ப?" — இவ்வளவுதான் கேட்டார். பதிலுக்குக்கூடக் காத்திருக்காமல் வெலிமடை பஸ்ஸில் ஏறிப் போய்விட்டார்.

தவராஜுக்கு மனைவியே கிடையாது. அன்றைக்குத்தான் அவருக்குப் பெண் பார்க்க நாங்கள் கிளம்பிக்கொண்டிருந்தோம்!

தவராஜ் யார் என்று சொல்லிவிடுகிறேன். ஸ்பிரிங்வெளித் தேயிலைத் தோட்டத்தில், தொழிலாளர்களின் லய வீட்டில் பிறந்தவர். இசையமைப்பாளர். பதுளையில் ஒரு சின்ன அறை, ஒரு கீபோர்டு, மூடினால் திறக்க அடம்பிடிக்கும் ஒரு லேப்டாப் — இவற்றை வைத்துக்கொண்டு ஏழு வருடமாக நம்மூர்க் குறும்படங்களுக்கெல்லாம் இசை போட்டவர். யாராவது திரும்பிப் பார்த்தார்களா? ம்ஹூம். படம் முடிந்து பெயர்கள் ஓடும்போது யார் உட்கார்ந்திருக்கிறார்கள்?

போன வருடம் இளைஞர்கள் சிலர் சேர்ந்து தோட்டத்துக் கதை ஒன்றை முழுநீளப் படமாக எடுத்தார்கள். இசை, நம் தவராஜ். அதில் குடிகாரக் கணவனாக நடிக்க வேண்டியவர், படப்பிடிப்புக்கு முதல் நாள் கட்டாருக்கு விமானம் ஏறிவிட்டார். இயக்குநர் சுற்றிலும் பார்த்தார். மெட்டு வராத கவலையில் நாலு நாளாக ஷேவ் செய்யாமல் நின்றுகொண்டிருந்தார் தவராஜ்.

"அண்ணே, அப்படியே நில்லுங்க. மேக்கப்பே வேணாம்!"

பத்து நிமிடம் வருகிற வேடம். தள்ளாடிக்கொண்டு வருவார், மனைவியை அடிப்பார், சோற்றுப் பானையை உதைப்பார். படம் யூடியூபில் வந்தது... அவ்வளவுதான். 'பானைய ஒதச்சவன்' என்றால் ஊவா மாகாணத்தில் தெரியாதவர் இல்லை.

அதே படத்தில் ஒரு தாலாட்டும் இருக்கிறது. கொழுந்து எடுக்கிற பெண்களெல்லாம் அதை முணுமுணுத்தார்கள். மெட்டு யாருடையது என்று ஒருவரும் கேட்கவில்லை. யாரோ சென்னை ஆள் என்று பேசிக்கொண்டார்கள்.

கொஸ்லந்தையில் பெண் வீடு. பெண் சுகந்தி, தோட்டத்து முன்பள்ளி டீச்சர். அவருடைய அம்மா பாக்கியம்தான் கதவைத் திறந்தார். தவராஜைப் பார்த்தார். திரும்பினார். அடுப்பருகே இருந்த சோற்றுப் பானையைத் தூக்கி உள் அறையில் வைத்துவிட்டு வந்தார்.

"வாங்க" என்றார் — என்னைப் பார்த்து மட்டும்.

"மியூசிக் போடுறவருன்னுல்ல தரகர் சொன்னாரு? இது அந்தக் குடிகாரன்ல?"

"அது நடிப்புங்க" என்றேன்.

"குடிக்காதவனுக்கு அந்தத் தள்ளாட்டம் வருமாங்க? இருவத்தஞ்சு வருசமா நான் பாக்காத தள்ளாட்டமா?"

மூலையில் உட்கார்ந்திருந்த சுகந்தியின் அப்பா, சட்டென்று கூரைத் தகரத்தை ஆராய ஆரம்பித்தார்.

பிளேன்டீயோடு வந்த சுகந்தி, படத்தில் பெயர்கள் ஓடும் இடத்தில் நிறுத்தி ஃபோனை நீட்டினார். "அம்மா, பேரப் பாருங்க. இசை, தவராஜ்."

"ஒலகத்துல ஒரு தவராஜ்தான் இருக்கானா? அவருதான் போட்டாருன்னா அந்தத் தாலாட்டப் பாடிக் காட்டச் சொல்லு."

எனக்குப் பகீரென்றது. தவராஜுக்கு மெட்டு வரும், குரல் வராது. கட்டை வண்டி ஏற்றத்தில் ஏறுகிற மாதிரி ஒரு குரல். அதை வைத்துக்கொண்டு தாலாட்டைத் தொடங்கினார் பாருங்கள்... வாசலில் மேய்ந்துகொண்டிருந்த கோழி பக்கத்து வீட்டுக்கு ஓடியது.

"நிறுத்துங்க தம்பி, நிறுத்துங்க! அந்தப் பாட்டக் கொல்லாதீங்க" என்ற பாக்கியம், தானே பாட ஆரம்பித்தார். அடடா, என்ன குரல்!

அதுவரை கூனிக்குறுகி உட்கார்ந்திருந்த தவராஜ் நிமிர்ந்தார். "அம்மா, மூணாவது வரி முடியிற எடத்துல மேல போறீங்க. அங்க கீழ எறங்கணும்."

"எதுக்கு எறங்கணும்? புள்ள அழுதுகிட்டு இருக்கு. மொதல்ல அது காதுல நம்ம சத்தம் விழ வேணாமா? விழுந்தப்புறந்தான எறங்கணும்? மூணு புள்ள வளத்தவ சொல்றேன்."

"படத்துல அந்த எடத்துல அழுகை குறைஞ்சிருதும்மா..."

"படத்துல குறையும். வீட்டுல குறையாது!"

அரை மணி நேரம் நடந்தது இந்தச் சண்டை. பெண் பார்க்க வந்ததே இருவருக்கும் மறந்துபோனது. நான் இரண்டாவது டீயையும் குடித்து முடித்தேன். கடைசியில் தவராஜ், "இன்னொருக்கா பாடுங்கம்மா" என்றார். கண்ணை மூடிக் கேட்டார். முழங்காலில் விரலால் தாளம் போட்டுப் பார்த்தார்.

"நீங்க சொல்றதுதான் சரி. நான் போட்டது தப்பு."

பாக்கியம் தன் கணவரைப் பார்த்தார். பிறகு தவராஜைப் பார்த்தார்.

"இந்த வீட்டுல ஒரு ஆம்பள வாயிலருந்து இந்த வார்த்தய இன்னைக்குத்தான் கேக்குறேன்."

சுகந்தி பக்கம் திரும்பி, "நீ என்னா சொல்ற?" என்றார்.

"எனக்குச் சம்மதம். இனிமே அடிக்கிற வேசம் மட்டும் வேணாம்னு சொல்லுங்க" என்று என்னிடம் சொன்னார் சுகந்தி. சொல்லும்போது பார்த்தது தவராஜைத்தான்.

திரும்பி வரும்போது தவராஜ் ஜன்னல் பக்கமே பார்த்துக்கொண்டு வந்தார். அப்புத்தளை தாண்டியதும் என் பக்கம் திரும்பினார்.

"ஏழு வருசத்துல, என் மெட்டுக்காக ஒருத்தர் என்னோட சண்டை போட்டது இதுதான் மொத தடவ அண்ணே."

கண் கலங்கியிருந்தது. பாராட்டுக்குத்தான் கலைஞர்கள் ஏங்குகிறார்கள் என்று இத்தனை நாள் நினைத்துக்கொண்டிருந்தேன். இல்லை போலிருக்கிறது... காது கொடுத்துக் கேட்டுவிட்டுச் சண்டை போட ஓர் ஆள் கிடைத்தால் போதும்!

தை மாதம் கல்யாணம். அதற்குள் அடுத்த பட வாய்ப்பும் வந்துவிட்டது. இசையும் அவரே, நடிப்பும் அவரே. இந்த முறை மாமியாருக்கு நடுங்கும் மருமகன் வேடம்.

முதல் காட்சியை எடுத்து முடித்ததும் இயக்குநர் ஓடிவந்து கையைப் பிடித்துக்கொண்டாராம் — "அண்ணே, நடிக்கிற மாதிரியே தெரியல!"