ரூடி சார் சொல்லாமல் விட்ட வசனம்

ரூடி சார் போய்விட்டார்.

இன்று காலை அவர் மகள் ஜெர்மனியிலிருந்து மெசேஜ் அனுப்பியிருந்தாள். தூக்கத்திலேயே போயிருக்கிறார்... தொண்ணூறு தாண்டிய மனுஷன்தான். இருந்தாலும் மார்க்கெட் ஸ்திரீட்டில் பூ வாங்கப் போனவள் அப்படியே நின்றுவிட்டேன்.

யார் ரூடி சார் என்று கேட்பீர்கள். ஜெர்மன் நடிகர். பேர் தெரியாது, முகம் தெரியும் என்பார்களே, அந்த வகை.

உலகச் சண்டை முடிந்தபிறகு அவர்கள் ஊரில் வந்த படங்களில் எங்காவது ஒரு ஓரத்தில் இருப்பார். ரயிலில் டிக்கெட் கேட்பார், ஹோட்டலில் சூப் கொண்டுவந்து வைப்பார், ராணுவ உடுப்பு போட்டால் பத்தே நிமிஷத்தில் செத்துப்போவார். "எனக்கு ரொம்ப நல்லா வர்றது சாவுதான்" என்று அவரே சொல்லிச் சிரிப்பார்.

ஜப்பான்காரன் மலாயாவைப் பிடித்து ஆண்ட காலத்தில் ஜெர்மன் நீர்மூழ்கிக் கப்பல்கள் நம் பினாங்கில் வந்து நின்றது நிறைய பேருக்குத் தெரியாது. அந்தக் கதையைப் படம் எடுக்க எண்பதுகளில் ஜெர்மன்காரர்கள் இங்கே வந்தார்கள். அதில் இவர் கப்பல் சமையல்காரர்.

நான் அந்த யூனிட்டில் தையல்காரி. காலையில் பொத்தான் தைப்பேன், மத்தியானம் அவருக்குத் தமிழ் சொல்லிக்கொடுப்பேன். படத்தில் அவருக்கு இருந்த ஒரே நல்ல வசனம் தமிழில்... அதுவும் ஒரே வார்த்தை.

உங்கள் ஊரில் ஆளைப் பார்த்ததும் என்ன கேட்பீர்கள் என்றார் டைரக்டர். நான் யோசிக்கவே இல்லை. "பசியாறியாச்சா?"

நாம் வேறென்ன கேட்போம், சொல்லுங்கள்!

மூன்று நாள் மனுஷன் அதையே சொல்லிக்கொண்டு திரிந்தார். டிரைவரிடம், டீ கலக்கும் அக்காவிடம், நகைக்கடை வாசலில் காவலுக்கு நின்ற அண்ணனிடம்... கடைசியில் நம் ஆள் மாதிரியே சொல்ல வந்துவிட்டது.

கடைக்காரராக நடிக்க எங்கள் அப்பாவைப் பிடித்தார்கள். அசல் ஜப்பான் காலத்து ஆள், முகத்திலேயே தெரிகிறது என்றார் டைரக்டர். அப்பா தெரு முழுக்கச் சொல்லிவிட்டார். ஷூட்டிங்குக்கு முதல் நாள் போய் முடி வெட்டிக்கொண்டு வந்து, அந்தக் காலத்து முகமே போச்சு என்று டைரக்டரிடம் திட்டும் வாங்கினார்.

ஷூட்டிங் அன்று ரூடி சார் கடைக்குள் வருகிறார். "பசியாறியாச்சா?" அப்பா சிரித்துக்கொண்டே "ஆச்சு தொரை" என்று சொல்லவேண்டும். அவ்வளவுதான்.

அப்பா வாயே திறக்கவில்லை.

மறுபடி எடுத்தார்கள். மறுபடியும் அதே. நாலாவது தடவை தலையைக் குனிந்துகொண்டார். வேறு ஆளைக் கூட்டிவாருங்கள் என்று டைரக்டர் கத்த, எனக்கு மானமே போயிற்று. அப்பாமேல் எரிந்து விழுந்தேன். "என்னாப்பா, ரெண்டே வார்த்தை லா! சொன்னா முடிஞ்சிச்சி!"

அப்பா மெதுவாகச் சொன்னார். "ஜப்பான்காரன் காலத்துல அத யாரும் யாரையும் கேக்க மாட்டோம்மா. கேட்டா, இல்லன்னு சொல்லணும். இல்லன்னு சொன்னா, கேட்டவன் குடுக்கணும். அவன் வீட்டுலயும் ஒண்ணும் இருக்காது... மரவள்ளிக் கெழங்குகூட இருக்காது. இத எப்படிம்மா அவருக்குச் சொல்லிக் குடுத்த?"

தப்பு என்னுடையது. நான் சண்டைக்குப் பிறகு பிறந்தவள். எனக்கு அது வெறும் குட்மார்னிங்.

என்ன விஷயம் என்று ரூடி சார் கேட்டார். இங்கிலீஷில் சொன்னேன். அவர் அப்பா பக்கத்தில் ஒரு பெட்டிமேல் உட்கார்ந்தார். "சண்டை முடிஞ்ச குளிர்காலத்துல எங்க ஊர்லயும் யாரும் கேக்கல" என்றார்.

பிறகு எழுந்து டைரக்டரிடம் போனார். "ஆள மாத்தாதீங்க. என் வசனத்தத் தூக்கிடுங்க."

பாருங்கள்... வாழ்நாள் முழுக்க ஓரத்தில் நின்ற நடிகர். அவருக்குக் கிடைத்ததே அந்த ஒரு நல்ல வசனம்தான்.

அடுத்த டேக். கடைக்குள் வந்தார். கேட்க வாயைத் திறந்தார். அப்பா முகத்தைப் பார்த்து மூடிக்கொண்டார். சட்டைக்குள்ளிருந்து ஒரு ரொட்டியை எடுத்து மேசையில் வைத்துவிட்டுப் போய்விட்டார். அப்பா அந்த ரொட்டியைப் பார்த்தார் பாருங்கள்... அந்த டேக்கையே டைரக்டர் படத்தில் வைத்துக்கொண்டார்.

படம் இங்கே ஓடவில்லை. ரூடி சாரே வீடியோ டேப் அனுப்பினார். தெருவே எங்கள் வீட்டு ஹாலில். ஜெர்மன் பாஷை யாருக்குப் புரிந்தது? ஆனால் அந்த இடம் வந்ததும் பிள்ளைகள்கூட முறுக்கு கடிப்பதை நிறுத்திவிட்டார்கள்.

அப்பா ரீவைண்ட் பண்ணிப் பண்ணி டேப்பையே தேய்த்துவிட்டார். "நம்ம பொண்ணு தச்ச சட்டை, நம்ம நடிச்ச படம்" என்று தீவுக்கு அந்தப் பக்கம் பாலிக் புலாவில் இருக்கும் சொந்தக்காரர்கள் வரை போன் போட்டார். எனக்கும் பெருமைதான், இல்லையென்று சொல்வேனா! ஆனால் அதைவிடப் பெருமை, அந்த மனுஷனுக்குத் தமிழ் சொல்லிக்கொடுத்தவள் நான் என்பது.

வருஷா வருஷம் கிறிஸ்மஸ் கார்டு வரும். உள்ளே, நான் எழுதிக்கொடுத்ததைப் பார்த்து வரைந்த கோணல்மாணல் தமிழ் எழுத்து. பசியாறியாச்சா? அப்பா இறந்த வருஷமும் வந்தது. போன டிசம்பரிலும் வந்தது.

நான் பதிலில் பேரப்பிள்ளைகள், மழை, முட்டிவலி என்று என்னென்னவோ எழுதுவேன். கேட்டதற்கு மட்டும் பதில் எழுதியதே இல்லை...

ஆச்சு தொரை. வயிறு நிறைய ஆச்சு.

போய்ட்டு வாங்க.