அத்தான் முடிக்காத ஆட்டம்

நம்பறவங்க நம்புங்க, சிரிக்கிறவங்க சிரிச்சுக்கோங்க. போன ஞாயிற்றுக்கிழமை, பட்டப்பகலில், என் கடையில் நடந்தது இது. படுத்துவிட்ட கணினிகளிலிருந்து ஃபைல்களை மீட்டுக் கொடுப்பது என் பிழைப்பு. பேயாவது பிசாசாவது என்று வாய் கிழியப் பேசிக்கொண்டிருந்தவன்தான் நானும்.

அக்கா வீட்டுக்காரர், என் அத்தான், செத்துப்போய் எட்டு மாசம். கம்ப்யூட்டர் கேம் எழுதுகிற மனுஷன். கடைசியாக மகளுக்காக ஒரு கண்ணாமூச்சி கேம் செய்துகொண்டிருந்தார். ஆறு வயசுப் பாப்பா தினமும் அதைக் கேட்டு அழுகிறாள் என்று அக்கா அவருடைய ஹார்ட் டிஸ்கைக் கொண்டுவந்தாள். "எப்படியாவது திறந்து குடுடா. புள்ள சரியா சாப்பிடறதே இல்ல."

எந்த ஃபைலும் எனக்குத் தெரிந்த எதிலும் திறக்கவில்லை. எல்லாம் அவரே சொந்தமாக உண்டாக்கிய வடிவம். அசல் டிஸ்கில் கை வைக்கக்கூடாது என்பது எங்கள் தொழிலில் முதல் பாடம். வெள்ளிக்கிழமையே நகல் எடுத்துவிட்டு, அசலை டிராயரில் வைத்துப் பூட்டினேன். இரண்டு நாள் மண்டையை உடைத்துக்கொண்ட பிறகுதான் புரிந்தது. உள்ளே இருந்தது வெறும் தமிழ் வரிகள். இது சமையலறை, இது கதவு, இங்கே பாப்பா நிற்கிறாள்... அவ்வளவுதான்.

ஞாயிறு மதியம் 3:12. அந்த வரிகளைப் படித்து ஓட்ட நானே எழுதிய சின்ன புரோகிராமில் கேம் ஓடியது.

திரையில் அக்கா வீடு, அச்சு அசலாக. நடுவில் ஒரு பொம்மைப் பாப்பா. மஞ்சள் கவுன், கிழிந்த இடது பாக்கெட். அடடா, அப்படியே நம்ம வாலு என்று சிரித்தேன்.

சிரிப்பு பாதியில் நின்றது. அந்தக் கவுனை நான் வாங்கிக் கொடுத்ததே போன வாரம்தான்.

3:14. ஸ்பீக்கரில் டக்... டக்... திரையின் மூலையில் ஒரு எண். 180. 179.

பொம்மை பின்னறைக்கு ஓடியது. அங்கே பழுதாகிக் கிடந்த பழைய ஃப்ரிட்ஜுக்குள் நுழைந்தது. கதவு மூடிக்கொண்டது. உள்ளிருந்து திறக்க முடியாத கதவு அது.

அக்காவுக்கு போன் அடித்தேன். எடுக்கவில்லை. 120. மறுபடி அடித்தேன். 71.

"என்னடா?"

"பாப்பா எங்க?"

"கண்ணாமூச்சி விளையாடறா."

"யாரோட?"



"தனியாத்தான்..."

"பின்னறை ஃப்ரிட்ஜைத் திற! ஓடுக்கா!"

காலடிச் சத்தம். 19... 14...

அக்காவின் அலறல்.

பிறகு... இருமல். பாப்பாவின் இருமல்.

எண் 6-ல் நின்றது.

எனக்குப் போன உயிர் திரும்பி வந்தது. அத்தான்தான் காப்பாத்தினார் என்று அன்றைக்கு அக்காவும் நானும் அவர் போட்டோ முன்னால் உட்கார்ந்து அழுதோம்.

மறுநாள் காலை 10:40-க்கு அந்த ஃபைலை முழுசாகப் படித்தேன். கடைசியாகத் திருத்திய நேரம்: ஞாயிறு, மதியம் 3:09. நான் அதில் ஒரு எழுத்தைக்கூட மாற்றவில்லை. டிராயரில் இருந்த அசலோடு ஒப்பிட்டேன்; மாறியிருந்தது ஒரே ஒரு வரி.

"எண் பூஜ்யமானால், பாப்பா அப்பாகிட்ட வந்துடுவா. ஆட்டம் ஜெயம்."