தேவகிருபை கேட்ட பொருள்

கஸ்பார் தேவகிருபைக்கு இரண்டு லட்ச ரூபாய் கடன் பாக்கி வைத்திருந்தான். ஒரு வருஷமாக அவனுடைய விசைப்படகு கடலுக்குப் போகும்போதெல்லாம் ஏற்றிக்கொண்டு போன அரிசி, பருப்பு, எண்ணெய், புளி, டீத்தூள், பீடிக்கட்டு எல்லாம் சேர்ந்த பாக்கி அது.

ராயபுரம் கல்மண்டபத்தில் யாரை வேண்டுமானாலும் கேட்டுப் பாருங்கள், தேவகிருபையின் காசைத் தின்று ஜீரணித்தவன் கிடையாது. நாசரேத்துப் பக்கத்திலிருந்து கல்யாணமாகி இங்கே வந்தபோது அவளுக்குப் பத்தொன்பது வயது, படிப்பு அஞ்சாம் கிளாஸ். புருஷன் ஜெபசிங் ஆறடிக்கு ஆறடியில் ஒரு மளிகைக் கடையையும் மூன்று வட்டிக்காரர்களையும் விட்டுவிட்டுச் செத்துப்போனான். அவள் வட்டிக்காரர்களுக்குச் செட்டில் பண்ணினாள், பக்கத்துக் கடையை வாங்கினாள், பின்னால் குடோன் கட்டினாள். இன்றைக்கு நாற்பது படகு அவள் அரிசியைத் தின்றுதான் கடலில் மிதக்கிறது. கோட்டு சூட்டுப் போட்டுக் கம்பெனி நடத்தியவனெல்லாம் படுத்துவிட்ட கொரோனாவிலும் அவள் ஷட்டர் பாதி திறந்தே இருந்தது. அத்தனை சம்பாத்தியத்திலும் ஒரு ரூபாய் தப்பு ரூபாய் கிடையாது. இதை அவளே நாளுக்கு நாலு பேரிடம் சொல்லுவாள். சொல்லட்டுமே, சம்பாதித்தவள் சொல்லாமல் வேறு யார் சொல்வது?

வந்த புதிதில் ஒருநாள் படகுக்காரர்களைப் பார்த்து, "நல்ல சரக்கு வந்திருக்கு, வாங்க வாங்க" என்று கூப்பிட்டுவிட்டாள். தெருவே சிரித்தது. ராயபுரத்தில் சரக்கு என்றால் பிராந்தி. ஒருத்தன் நிஜமாகவே டம்ளரோடு வந்து நின்றான். அன்றோடு அந்தச் சொல்லைத் தூக்கிப் போட்டுவிட்டு, கடையில் இருப்பதை எல்லாம் 'பொருள்' என்று சொல்ல ஆரம்பித்தாள். பொருள் ஏத்தியாச்சா, பொருளுக்குத் துட்டு எங்கே. அந்தச் சொல்லுக்கும் இங்கே இன்னொரு அர்த்தம் உண்டு. இடுப்பில் செருகிக்கொண்டு திரிகிறவர்கள் வாயில் பொருள் என்றால் ஆயுதம். அவர்கள் அவள் கடையில் உளுந்து வாங்க வருவதில்லை, அதனால் அது அவள் காதுக்கு வரவே இல்லை.

இரண்டு மாதத்துக்கு முன்னால் டோல்கேட் பக்கம் டீக்கடை வாசலில் ஒருவனைச் சுட்டுப் போட்டார்கள். வெட்டுக்குத்து இந்தப் பக்கத்துக்குப் புதிதல்ல. கத்தியைக் காட்டி மாமூல் கேட்டவனைத் தேவகிருபை அஞ்சு கிலோ எடைக்கல்லைத் தூக்கிக்கொண்டு தெருமுனை வரைக்கும் விரட்டியிருக்கிறாள். கத்திக்காரன் கிட்டத்தில் வந்தாக வேண்டும். வந்தால் கல் இருக்கிறது, வாய் இருக்கிறது. துப்பாக்கிக்காரன் கிட்டத்தில் வரவே வேண்டாமே. துப்பாக்கி கடல் எல்லைக்கு அந்தப் பக்கத்துப் படகிலிருந்து நம் பக்கத்துப் படகுக்குக் கைமாறி வருகிறது என்று ஜனங்கள் பேசிக்கொண்டார்கள்.

போலீசும் மாறிப்போனது. முன்பெல்லாம் பாஸ்கர் ஏட்டு லத்தியை அரிசி மூட்டையில் சாய்த்து வைத்து, தெருவுக்கு முதுகைக் காட்டிக்கொண்டு ஆற அமரப் பன்னீர் சோடா குடிப்பார். இப்போது சுவரோடு முதுகை ஒட்டிக்கொண்டு குடிக்கிறார். பைக் உறுமினால் கை இடுப்புக்குப் போகிறது. அதைப் பார்த்த மறுநாளே தேவகிருபை கல்லாப்பெட்டியைத் தெருவுக்கு நேரே இருந்த இடத்திலிருந்து தூண் மறைவுக்கு நகர்த்திவிட்டாள். முகத்தில் வெயில் அடிக்கிறது என்று காரணம் சொன்னாள்.

இந்த நேரத்தில்தான் கஸ்பார் கடலிலிருந்து திரும்பினான். திரும்பியும் கடைப் பக்கம் தலை காட்டவில்லை. போதாததற்கு, அவள் கொடுத்த அரிசியில் இரண்டு மூட்டையை முகத்துவாரக்குப்பத்தில் மச்சான் வீட்டில் இறக்கிவிட்டுத்தான் கடலுக்கே போனான் என்று ஒரு பேச்சு வந்தது. காலையில் அவளே மீன்பிடித் துறைமுகத்துக்குப் போய், ஏலக் கூட்டத்துக்கு நடுவில் அவனைப் பிடித்தாள்.

"ஏல கஸ்பாரு! என்னல, ஆளப் பாத்ததும் ஐஸ் பொட்டிக்குப் பின்னால பதுங்குத?"

"இன்னா யக்கா, இப்டி கூவிகினு கீற? ஜனம் பாக்குது."

"பாக்கட்டும்! பொருளு எங்க ஏறுச்சு, எங்க எறங்குச்சுன்னு எனக்குத் தெரியாதுன்னு நெனச்சியா? எல்லாம் தெரியும்ல. சாயங்காலத்துக்குள்ள ஒரு வழி பண்ணு. இல்ல, சொல்ல வேண்டிய எடத்துல சொல்லிப்புடுவேன்."

சொல்ல வேண்டிய இடம் என்று அவள் நினைத்தது படகுச் சங்கத் தலைவரை. கஸ்பாரின் முகம் செத்த மீனாக வெளுத்தது.

"மெதுவா யக்கா. உன் கால்ல வுய்றேன். சாய்ந்தரம் நானே வூட்டாண்ட வரேன்."

ஒரே சத்தத்தில் ஆளை அடக்கிவிட்டோம் என்ற தெம்போடு தேவகிருபை திரும்பி வந்தாள். வழியில் இரண்டு பேரிடம் அதைச் சொல்லவும் செய்தாள்.

சாயங்காலம் என்றானே தவிர, மதியச் சாப்பாடு முடிந்த நேரத்துக்கே மீன்பாடி வண்டி ஒன்று குடோன் வாசலில் வந்து நின்றது. கஸ்பார் ஒரு அரிசி மூட்டையைத் தானே தோளில் தூக்கி வந்து மூலையில் போட்டான்.

"பொருள் உன்னாண்டயே இருக்கட்டும் யக்கா. உனுக்குத்தான் தெரிஞ்சிபூட்சே, இனிமே நீயும் நானும் ஒண்ணு. உன் துட்டு இதுலர்ந்தே வந்துரும்." பதில் சொல்வதற்குள் போய்விட்டான்.

மச்சான் வீட்டு அரிசி திரும்பி வருகிறது என்றுதான் அவள் நினைத்தாள். கை விட்டுப் பார்க்காமல் அவள் எந்த மூட்டையையும் வாங்கியது கிடையாது. மூட்டை வாயைக் கட்டியிருந்த வலைக்கயிற்றை அறுத்து அரிசிக்குள் முழங்கை வரைக்கும் விட்டாள். விரலில் எண்ணெய்ப் பிசுக்கோடு இரும்பு பட்டது. வெளியே இழுத்தாள். பிளாஸ்டிக் தாளுக்குள் துப்பாக்கி. கீழே இன்னும் கிடந்தன.

போட்டுவிட்டாள். கத்தலாம் என்று வாயைத் திறந்தால் காற்றுதான் வந்தது. தெருவையே திரும்பிப் பார்க்கவைக்கிற தொண்டை அது. எல்லாவற்றையும் அரிசிக்குள் அமுக்கினாள். பிறகு கோணி ஊசியையும் சணலையும் எடுத்து மூட்டையின் வாயைத் தைத்தாள். யோசித்துச் செய்யவில்லை. வாய் பிளந்த மூட்டையைத் தைக்காமல் விடுவது கடைக்காரிக்கு ஆகாது, கை தன்பாட்டுக்குத் தைத்தது.

அதற்குப் பிறகுதான் போனை எடுத்தாள்.

"லேய், என்னத்தல கொண்டாந்து போட்டுட்டுப் போன?"

"நீதான யக்கா கேட்ட, பொருளு."

"நான் அரிசியச் சொன்னேன்ல! உன் மச்சான் வீட்டுல எறக்குன ரெண்டு மூட்ட அரிசியச் சொன்னேன்!"



"அப்போ, உனுக்கு ஒண்ணியும் தெர்யாதா?"

"இப்பத் தெரிஞ்சு போச்சே, பாவி!"

"மாதாவே! பேஜாரா பூட்சே. யக்கா, கடக்காரம்மாவுக்கு மேட்டரு தெரியும், அங்கதான் வெச்சிகீறேன்னு பொருள் குட்த்தவங்களாண்ட சொல்ட்டேன். இருட்றதுக்குள்ள வந்து எட்துகினு பூடுவாங்கோ. நடுக்கடல்ல கையில திணிச்சிட்டானுங்க யக்கா. மாட்டேன்னா போட்டயே கொளுத்திருவானுங்கோ. நீ வாயத் தொறந்தா என்னிய உயிரோட வுட மாட்டானுங்கோ. ஆலிஸ நெனச்சிக்கோ."

ஆலிஸ் அவன் பெண்டாட்டி. மீன் விற்ற ஈரக் கையோடு வந்து, நூறு கிராம் புளிக்குக்கூடக் காசை முன்னால் வைத்துவிட்டு வாங்குகிறவள். புருஷனின் கடன் தன்மேல் ஒட்டிவிடக் கூடாது என்று அவளுக்கு ஒரு ரோஷம்.

போனை வைத்த சூட்டில் பாஸ்கர் ஏட்டு சோடாவுக்கு வந்து நின்றார். சொல்லிவிடலாம். குடோன் கதவைக் காட்டினால் முடிந்தது. பாட்டிலைத் திறந்த வேகத்தில் சோடா பொங்கி மேசையில் வழிந்தது.

"ஏட்டய்யா, ஒரு பேச்சுக்குக் கேக்கேன். துப்பாக்கி மாதிரி ஒண்ணு யாரு கைலயாச்சும் கெடச்சு, கொண்டாந்து குடுத்தா என்ன செய்வாங்க?"

"மாலை போடுவாங்கன்னு நென்ச்சியாம்மா? பழைய இரும்புக் கடைக்காரன் ஒர்த்தன் குப்பையில கெடச்சுதுன்னு கொணாந்து குட்த்தான். இன்னிக்கும் உள்ளதான் கீறான். எவன் தந்தான், சொல்லு சொல்லுன்னு கேட்டதுல பாத்ரூம்ல வழுக்கி வுய்ந்து கை வேற ஒடஞ்சிபோச்சு." ஏட்டு சிரிக்கப் பார்த்தார், வரவில்லை. "எங்களயும் குத்தம் சொல்ல முடியாதும்மா. எல்லாருக்கும் அடிவயிறு கலங்கிகினு கீது. போன வாரம் ஒரு வூட்டுக் கதவத் தட்டப் போனோம். நாலு பேரு. யாரு மொதல்ல தட்றதுன்னு ஒர்த்தன் மூஞ்ச ஒர்த்தன் பாத்துகினே நிக்கிறோம். முன்னல்லாம் எம்பொண்ணு நான் கெளம்புனா போன்லர்ந்து தலயத் தூக்காது. இப்போ வாசப்படி வரிக்கும் வருது." குடித்து முடித்துவிட்டு நிமிர்ந்தார். "ஆமா, நீ எதுக்கு கேக்குற?"

"சும்மாதான். பேப்பர்ல போட்டிருந்தான்."

"நீ பேப்பர்லாம் படிப்பியா?"

"பொட்டலம் மடிக்கையில பாக்கறதுதான்."

ஏட்டு அவளை ஒரு மாதிரியாகப் பார்த்தார். தெருவில் ஒரு பைக் உறுமிக்கொண்டு போனது. அவர் கவனம் அதன் பின்னால் போனது, அப்படியே அவரும் போய்விட்டார். அதற்குப் பிறகு வந்தவர்களுக்குத் தேவகிருபை துவரம்பருப்பு கேட்டால் கடலைப்பருப்பு போட்டாள். கடை வாசலில் நிழல் விழுந்தாலே எழுந்து நின்றாள்.

வெயில் தாழ்ந்தபோது ஒரு வெள்ளைக் கார் வந்தது. பின் சீட்டில் கஸ்பார், அவனுக்கு இரண்டு பக்கமும் ஆள். முன்னாலிருந்து இறங்கியவன் இஸ்திரி சட்டை, நெற்றியில் சன்னமாகத் திருநீறு, பாங்க் ஆபீசர் மாதிரி இருந்தான். நேரே குடோனுக்குள் போனான், தேவகிருபை பின்னாலேயே போனாள்.

"பெரியம்மாவுக்கு எந்தூரு?"

"நாசரேத்து பக்கம்." குரல் யாருடையதோ மாதிரி வந்தது.

"அப்படிப் போடுங்க. நமக்கு உடன்குடி. எங்கப்பாவும் பலசரக்குக் கடைதான். என் பேரு சுடலைராஜ்." மூட்டைப் பக்கத்தில் குத்துக்காலிட்டு, அதன் வாயை விரலால் தடவினான். "கஸ்பாரு வலைக்கயித்துல கட்டுனதாச் சொன்னான். இது சணல் தையல்லா?"

"வாய் பொளந்த மூட்டையத் தைக்கணும்லா," என்று அவள் நாக்கு முந்திக்கொண்டது.

"பொளந்தது யாரு?"

வேறு ஆள் இல்லை, வேறு பொய்யும் வரவில்லை. "நான்தான்யா." மகன் வயசுக்காரனை அய்யா என்றாள். அது அவளுக்கே கேட்டது.

அவன் கோபப்பட்டிருந்தால்கூடத் தேவலை. "நல்ல தையல்" என்று சொல்லிவிட்டு எழுந்தான். ஓர் ஆள் வந்து மூட்டையைக் காருக்குத் தூக்கிப் போனான்.

"காலையில துறைமுகத்துல சத்தம் போட்டீகளாமே?"

"அது என் அரிசித் துட்டு, ரெண்டு லட்சம். இதுக்கும் அதுக்கும் சம்பந்தமே கிடையாது."

"அந்தத் துட்ட நான் தாரேன்."

"வேண்டாம்யா. கஸ்பாருக்கு எப்ப முடியுதோ அப்பத் தரட்டும். நான் இனி கேக்க மாட்டேன்."

"கேப்பீக. கடைக்காரங்களுக்குக் கேக்காம இருக்க முடியாது. எங்கப்பா சாகக் கெடக்கையிலயும் எழுவது ரூவா பாக்கியக் கேட்டுக்கிட்டுத்தான் கெடந்தாரு. நீங்க கேப்பீக, அவன் முழிப்பான், போலீஸ் காதுல விழும். அதனால ரெண்டுல ஒண்ணு, பெரியம்மா. கடன் தீரணும், இல்லன்னா கடன்காரன் தீரணும்."

காரைப் பார்த்தாள். கண்ணாடிக்கு உள்ளே கஸ்பாரின் உதடு மட்டும் அசைந்துகொண்டிருந்தது. அருள் நிறைந்த மரியே ஜெபம் சொல்கிறான். இந்தக் காசை வாங்கினால் அவளும் இவர்கள் ஆள். அடுத்த மாதம் இன்னொரு மூட்டை வரும், அப்போது யாரும் பொருள் என்றால் என்ன என்று குழம்ப மாட்டார்கள். தப்பு ரூபாய் கிடையாது என்று இத்தனை வருஷம் நாளுக்கு நாலு பேரிடம் சொன்ன பேச்சு இன்றோடு போயிற்று. வாங்காவிட்டால் நாளைக்கு ஆலிஸ் புளி வாங்க வரமாட்டாள், புருஷனைத் தேடிக்கொண்டு வருவாள்.

"கைய நீட்டுங்க, பெரியம்மா."

நீட்டினாள். இடது கையால் வலது மணிக்கட்டைப் பிடித்துக்கொண்டாள். சுடலைராஜ் பையிலிருந்து ஐந்நூறு ரூபாய்க் கட்டுகளை எடுத்தான். கடைக்காரர்கள் நெல் அளந்தாலும் காசு அளந்தாலும் எண்ணிக்கையை 'ஒண்ணு' என்று ஆரம்பிக்க மாட்டார்கள். அவனும் கடைக்காரன் வீட்டுப் பிள்ளைதான்.

"லாபம்," என்று முதல் கட்டை அவள் உள்ளங்கையில் வைத்தான். "ரெண்டு. மூணு."

கார்க் கதவு திறந்தது. கஸ்பார் தெருவில் காலை ஊன்றி, விழாமல் நின்றான்.

"நாலு," என்றான் சுடலைராஜ். ரெண்டு லட்சமும் சரி. கட்டுகளின் மேல் அவள் விரல்கள் மடங்கவில்லை. கை விரித்தபடியே இருந்தது.