கேமராவுக்குக் காட்டிய டோக்கன்

பேய் பிசாசு என்று யாராவது ஆரம்பித்தாலே எழுந்து போய்விடுகிற ஆள் நான். கம்பெனி வாசலில் நடப்பதை டிவியில் பார்த்துக்கொண்டிருப்பதுதான் என் வேலை, கண்ணால் பார்க்காததை எப்படி நம்புவேன்? நீங்களும் இதை நம்ப வேண்டாம், கேட்டால் போதும்.

அப்பா கோலார் தங்கவயலில் சுரங்கத் தொழிலாளி. கீழே இறங்குகிறவர் கையில் நம்பர் போட்ட பித்தளை டோக்கன் ஒன்று இருக்கும், மேலே வந்து அதைத் திருப்பிக் கொடுத்தால்தான் ஆள் ஏறிவிட்டார் என்று கணக்கு. சுரங்கத்தை மூடியபோது அவருடைய டோக்கன் அவரிடமே தங்கிவிட்டது. பிறகு அம்மாவும் அவரும் என்னோடு வந்துவிட்டார்கள். பெங்களூர் எலெக்ட்ரானிக் சிட்டியில் கம்பெனிக்குப் பக்கத்திலேயே வாடகை வீடு, மதியச் சாப்பாடு அவர்தான் கொண்டுவருவார். வந்தால் சும்மா போகமாட்டார், கேட் கேமரா முன்னால் நின்று டோக்கனைத் தூக்கிக் காட்டிவிட்டுத்தான் போவார். மற்றவர்கள் கேமராவைக் கண்டால் முகத்தைத் திருப்பிக்கொள்வார்கள், இவர் இப்படி. ஏன் என்று கேட்டால், "அத்தினி வருசம் பூமிக்குள்ள கெடந்தேன், ஒருத்தன் ஒரு போட்டோ எடுக்கல. இதுலயாவது நான் இருந்தேன்னு இருக்கட்டும்டா" என்பார். அந்த டேப்பை வாராவாரம் அழித்துவிடுவோம் என்று சொல்ல எனக்கு வாய் வரவில்லை.

அப்பா திடீரென்று போய்விட்டார். ஆசையாக வைத்திருந்த பொருளாயிற்றே என்று, பெட்டியை மூடுமுன் டோக்கனை அவர் சட்டைப் பையில் வைத்தேன். பிறகு அதைச் சொன்னதும் அம்மா இடிந்துபோய்விட்டாள். "டோக்கனோட எறக்கிட்டியேடா, திருப்பிக் குடுக்காம அந்த மனுசன் கீழயே நிப்பாரே" என்று ஒரே அழுகை. சரியாகச் சாப்பிடவில்லை, தூங்கவில்லை. அவளும் போய்விடுவாளோ என்று எனக்குப் பயமாகிவிட்டது.

ஒருநாள் மதியம் யாரோ ஹெல்மெட்டைக் காணோம் என்று வந்து சொல்ல, கேட் டேப்பைப் பின்னால் ஓட்டிப் பார்த்தேன். சத்தியமாகச் சொல்கிறேன், அப்பா வந்தார். அடக்கத்துக்குப் போட்டுவிட்ட அதே கட்டம்போட்ட சட்டை. கேமராவை நிமிர்ந்து பார்த்தார், வழக்கம்போல டோக்கனைத் தூக்கிக் காட்டவில்லை, காவலாளி அறையின் ஜன்னல் திட்டில் அதை வைத்துவிட்டுப் போனார். மறுபடி ஓட்டினால் வாசல் காலியாக இருந்தது. கேட்டுக்கு ஓடினேன். "யாரூ பந்தில்லா அண்ணா" என்றார் காவலாளி கன்னடத்தில், யாருமே வரவில்லையாம். திட்டில் டோக்கன் இருந்தது, அப்பாவின் அதே நம்பர், ஈரமண் ஒட்டியிருந்தது.

அம்மா அதை முந்தானையில் துடைத்துக் கண்ணில் ஒற்றிக்கொண்டாள். "குடுத்துட்டாருல்ல. அப்போ மேல வந்துட்டாரு" என்றாள். அன்றுதான் வயிறாரச் சாப்பிட்டாள்.

அத்தோடு முடிந்திருந்தால் நானும் மறந்திருப்பேன். படுக்கும்முன் கதவைத் தாழ்போடப் போனேன், அம்மா என் கையைப் பிடித்துக்கொண்டாள்.

"ஷிப்ட் முடிஞ்சவரு வூட்டுக்கு வரணுமில்லடா."

இப்போது அம்மாவும் இல்லை. அந்தத் தாழ்ப்பாளைப் போட எனக்கு இன்னும் கை வரவில்லை.